பொறக்கடையில உதிர்ற பூ

சேலத்துப் பூன்னு சொன்னா வெளியூர்க்காரங்களுக்கு மொதல்ல ஞாபகம் வர்றது அரளிதான். பனமரத்துப்பட்டி பக்கம் போனீங்கன்னா கண்ணுக்கு எட்டுன வரைக்கும் அரளித்தோட்டமா இருக்கும், மொட்டு பறிச்சு மூட்டை கட்டி சென்னை, பெங்களூருன்னு அனுப்பிடுவாங்க, ஊர் ஊருக்கு சாமிக்கு மாலை நம்ம ஊர்ல இருந்துதான் போகுது. ஆனா அந்த அரளியில இலை, பூ, பட்டை, வேரு எல்லாமே விஷம், நேரா இதயத்தைப் போய்ப் புடிக்கிற விஷம். இத மொதல்லயே ஏன் சொல்றேன்னா, நான் இங்க பூவ சமைச்சு சாப்பிடறதப் பத்தி எழுதப் போறேன், படிச்சுட்டு யாராவது அழகா இருக்கேன்னு கண்ட பூவையும் வாணல்ல போட்டுடக் கூடாது. பேர் தெரியாத பூவ வாயில வைக்காதீங்க. பேர் தெரிஞ்சாலும், உங்க வீட்டுப் பெரியவங்க சாப்பிட்டுப் பாத்த பூவா இருந்தா மட்டும் வைங்க. மத்ததெல்லாம் இதுக்கப்பறம்தான்.

எங்க வீடு கன்னங்குறிச்சி பக்கம், மாடில நின்னா சேர்வராயன் மலை முழுசா தெரியும். பொறக்கடையில ஒரு வேப்பமரம், ஒரு முருங்கை, செவுத்தோரமா அகத்தி, கம்பி வேலில சங்குப்பூ, மழை பேஞ்சா தானா மொளைக்கிற தும்பை, குப்பைக்குழில யாரும் போடாமயே மொளைச்சு ஓடற பரங்கிக்கொடி. இவ்வளவுதான் தோட்டம். இதுல எதையும் பூவுக்காகன்னு யாரும் நட்டு வைக்கல. முருங்கை கீரைக்கும் காய்க்கும், வேம்பு நெழலுக்கு, அகத்தி மாட்டுக்கு (மாடு போய் ரொம்ப நாளாச்சு, மரம் மட்டும் இருக்கு). ஆனா வருசம் பூரா ஏதாவது ஒரு பூ எங்க அடுப்புக்கு வந்துட்டே இருக்கும், அதுக்கு காரணம் எங்க அம்மாயி (அம்மாவோட அம்மா).

அம்மாயி பூ பறிக்கறதுக்கு ஒரு கணக்கு வெச்சிருந்தாங்க. ஒரு பூவ நாம பறிச்சா ஒரு காய் போச்சு, ஒரு காய் போனா நாலு விதை போச்சு, அதனால பூவ கைய வெச்சு ஒடிக்கறதுக்கு முன்னாடி அந்தப் பூ காயாகுமா ஆகாதான்னு பாக்கணும். காயாகாதது எதுவோ அது நமக்கு. தானா கீழ விழுந்தது நமக்கு. கொடில ஆண் பூ மிஞ்சுனது நமக்கு. இந்தக் கணக்க வெச்சுகிட்டு நம்ம ஊர்ப் பூச்சமையல எல்லாம் யோசிச்சுப் பாத்தா ஆச்சரியமா இருக்குங்க, முருங்கைப்பூ, வேப்பம்பூ, இலுப்பைப்பூ, பரங்கிப்பூ, நம்ம ஆளுங்க காலம் காலமா சாப்பிட்ட பூவுல பாதிக்கு மேல மரம் தானாவே உதிர்த்து விடறது, இல்லன்னா ஆண் பூ. கத்திரிப்பூவ யாரும் சமைக்கல, மாம்பூவ யாரும் பொரியல் பண்ணல, ஏன்னா அதக் கொத்தோட பறிச்சா நாளைக்கு காயி இல்ல. பஞ்சம் பாத்த பொம்பளைங்க உண்டாக்குன சமையல் இது, மரத்துக்கு நட்டம் வராம வயித்துக்கு ஏதாவது சேக்கணும்னு பாத்துப் பாத்து கண்டுபிடிச்சது. அந்த அறிவு எனக்கு ரொம்பப் பெருசா தெரியுது, அத எழுதி வெக்கணும்னுதான் உக்காந்தேன்.

முருங்கையில இருந்து ஆரம்பிக்கறேன். ஒரு கொத்துல எத்தன பூ பூக்குதுன்னு எண்ணவே முடியாது, அதுல காயா நின்னு நீளறது ஒண்ணோ ரெண்டோதான். மத்ததெல்லாம் கொட்டிடும். தை, மாசியில எங்க மரத்தடி வெள்ளையா கெடக்கும். ராத்திரியே பழைய வேட்டி இல்லன்னா பருத்திச் சேலை ஒண்ண மரத்தடியில விரிச்சு நாலு மூலைக்கும் கல்லு வெச்சுடணும், காலைல வெயில் ஏறதுக்கு முன்னாடி எடுத்துடணும், வெயில் பட்டா பூ சுருங்கி பழுப்பாயிடும், அப்பறம் கசக்கும். ரொம்பக் கம்மியா விழுந்திருந்தா கெளையப் புடிச்சு மெதுவா ஒரு உலுக்கு, ஒட்டிட்டு இருக்கறது விழும், காயாகப் போறது விழாது. கொத்தோட ஒடிச்சு வித்துட்டு இருக்காங்க மார்க்கெட்ல, அதப் பாத்தா எனக்கு மனசு கேக்கறதில்ல, அந்த மரத்துல அந்த வருசம் காய் என்னாகும்.

சேலையில விழுந்ததுல காம்பு, எலை, எறும்பு எல்லாம் பொறுக்கிட்டு, உப்பும் மஞ்சத்தூளும் போட்ட தண்ணில கொஞ்ச நேரம் போட்டு வைக்கணும். பூவுக்குள்ள சின்னச் சின்ன பூச்சி இருக்கும், அது மெதந்து மேல வரும். அப்பறம் கையில அள்ளி லேசா பிழிஞ்சு எடுத்துக்கணும். நல்லெண்ண, கடுகு, உளுத்தம்பருப்பு, வரமொளகா, அப்பறம் சின்ன வெங்காயம் பூவோட அளவுக்கு பாதியாவது இருக்கணும், கஞ்சத்தனம் வேண்டாம், நாலு பல் பூண்டு தட்டிப் போட்டு வெங்காயம் நல்லா வதங்கினதும் பூவப் போடணும். தண்ணி ஒரு சொட்டு கூட ஊத்தக் கூடாது, அதுக்குள்ள இருக்கற ஈரமே போதும். உப்பு பாத்துப் போடுங்க, வாணல் நெறைய இருக்கறது வதங்கி ஒரு கைப்பிடி ஆயிடும், மொதல்ல கண்ணுக்கு தெரிஞ்ச அளவுக்கு உப்பு போட்டீங்கன்னா கரிச்சுத் தொலையும். வதங்கினதும் ஒரு நாட்டுக்கோழி முட்டைய ஒடச்சு ஊத்திக் கெளறலாம், இல்ல முக்கால் பதத்துக்கு வேகவெச்ச பாசிப்பருப்பு போட்டு தேங்கா துருவி எறக்கலாம். எங்க வீட்டுல ரெண்டு கட்சி இருக்கு, நான் பருப்புக் கட்சி, ஏன்னா முட்டை போட்டா முட்டை வாசந்தான் முன்னாடி நிக்கும், பூ பின்னாடி போயிடும். அரிசியும் பருப்பும் சாதத்துக்கு இதவிட பொருத்தமான தொட்டுக்க எனக்குத் தெரிஞ்சு இல்ல. வாயில போட்டா மொதல்ல லேசா இனிப்பு, அப்பறம் காளான் மாதிரி ஒரு ருசி, கடைசியில தொண்டையில ஒரு சின்ன கசப்பு.

இதையே கொஞ்சம் எடுத்து பால்ல போட்டு கொதிக்கவெச்சு பனங்கற்கண்டு போட்டு ராத்திரி குடிப்பாங்க, உடம்புக்கு தெம்புன்னு.

வேப்பம்பூ பங்குனி, சித்திரையில. இந்த மரத்துல ஆண் பூவும் இருக்கும், ஆணும் பொண்ணும் சேந்த பூவும் இருக்கும், காயாகாத பூவெல்லாம் பொடிப்பொடியா விழுந்துட்டே இருக்கும், காத்தடிச்சா வீட்டுக்குள்ள வரைக்கும் வரும், அந்த வாசத்துக்காகவே எனக்கு அந்த மாசம் புடிக்கும். அதுக்கும் அதே சேலைதான். எடுத்துட்டு வந்து ரெண்டு மூணு நாள் காய வெச்சா கையில நொறுங்கற பதம் வரும், முறத்துல போட்டு பொடச்சா காம்பும் தூசியும் தனியா போயிடும், அப்பறம் பாட்டில்ல போட்டு மூடி வெச்சா அடுத்த சித்திரை வரைக்கும் கெடாது. காயவெக்கறப்ப ஈரம் மட்டும் இருக்கவே கூடாது, கொஞ்சம் ஈரம் இருந்தாலும் பூசணம் புடிச்சு மொத்தமும் போயிடும்.

ரசம் வெக்கறது ரொம்ப சுலபம், ஆனா வரிசை முக்கியம். புளித்தண்ணிய நீர்க்கக் கரைச்சு, ரசப்பொடி, உப்பு, பெருங்காயம், நெல்லிக்கா அளவு வெல்லம் போட்டு பச்ச வாசம் போற வரைக்கும் கொதிக்க விட்டு, தண்ணி சேத்து நொரை கட்டினதும் எறக்கிடணும். அடுப்ப அணைச்சதுக்கு அப்பறம்தான் பூ. நெய்யில வரமொளகாயும் ஒரு ஸ்பூன் காஞ்ச வேப்பம்பூவும் போட்டு, காபிக்கொட்டை நெறம் வர்ற வரைக்கும் வறுத்து மேல கொட்டி மூடிடணும். சில பேரு பூவப் போட்டு கொதிக்க விடறாங்க, அப்படிப் பண்ணா கசப்பு மொத்தமும் எறங்கி ரசத்த யாரும் தொட மாட்டாங்க, அப்பறம் வேப்பம்பூவே வேண்டாம்னு சொல்லிடுவாங்க. வறுத்த பூ மேல மெதந்துட்டு இருக்கணும், சாப்பிடறப்ப பல்லுல கடிபடணும், அந்த எடத்துல மட்டும் கசக்கணும். வெச்ச உடனே சாப்பிட்டுடணும், ராத்திரிக்கு வெச்சா கசப்பு ஏறிட்டே போகும்.

சித்திரை ஒண்ணாந்தேதி மாங்காப் பச்சடிக்கும் இதே பூதான். நம்ம ஊரு மாம்பழத்துக்குப் பேர் போனது, அந்த நேரத்துல கிளிமூக்கு மாங்கா தெருவுக்குத் தெரு வந்துடும், புளிப்பும் அளவா இருக்கும், வெல்லம் சேந்தா அருமையா கரையும். வேப்பம்பூவ நெய்யில வறுத்து கடைசியா தூவணும். கோவில்ல குடுக்கற பச்சடிய விட வீட்டுல வெக்கறதுல பூ தாராளமா இருக்கும். கர்ப்பமா இருக்கறவங்களுக்கு வேப்பம்பூ குடுக்க மாட்டாங்க எங்க பக்கம், அந்தப் பழக்கத்த நானும் மீறறதில்ல.

பரங்கிப்பூ கதை வேற. இதுல ஆண் பூ தனி, பெண் பூ தனி, ரெண்டும் ஒரே கொடில. பெண் பூவுக்குக் கீழ குட்டியா ஒரு பரங்கிப்பிஞ்சு உருண்டையா ஒக்காந்திருக்கும், அதத் தொடவே கூடாது. ஆண் பூ மெலிசா நீளமான காம்புல நேரா நிக்கும். கொடி ஓட ஆரம்பிச்சதும் மொதல்ல வர்றதெல்லாம் ஆண் பூதான், பொண்ணு பின்னாடிதான் வரும், நெறைய பேரு பூத்துப் பூத்து கொட்டுது காயே புடிக்கலன்னு கொடிய பிடுங்கிப் போட்டுடறாங்க, பொறுமையா இருங்க. பூ விடியக்காலைல விரியும், உச்சி வெயிலுக்கு முன்னாடி கூம்பிடும். தேனீ வந்து போனதுக்கப்பறம், ஒரு எட்டு, எட்டரை மணிக்கு, நாலஞ்சு ஆண் பூவ கொடிலயே விட்டுட்டு மிச்சத்த பறிக்கலாம். மார்கழியில கோலத்துல சாணிப் பிள்ளையார் மேல வெக்கற மஞ்சப்பூ இதுதான, அதுக்கும் நீளக்காம்பு ஆண் பூவாத்தான் பறிப்பாங்க, காயாகறதப் பறிச்சா அம்மாயி திட்டுவாங்க. கோலத்துக்கு ரெண்டு, கொழந்தைங்களுக்கு பஜ்ஜிக்கு மிச்சம், எங்க வீட்டு மார்கழி காலை இப்படித்தான் போகும்.

பஜ்ஜி போட, உள்ள நடுவுல மகரந்தத்தோட நிக்கற மஞ்சத்தண்ட கிள்ளி எடுத்துடணும், அடியில பச்சையா முள்ளு முள்ளா இருக்கறதையும் உரிச்சுடணும். கொழாய்த் தண்ணியில நேரா காட்டாதீங்க, கிழிஞ்சுடும், கிண்ணத்துல தண்ணி வெச்சு முக்கி எடுத்து தலகீழா கவுத்து வைங்க. கடலமாவு மூணு பங்கு, அரிசிமாவு ஒரு பங்கு, மொளகாத்தூள், ஓமம், பெருங்காயம், உப்பு, தோசமாவ விட கொஞ்சம் நீர்க்கக் கரைச்சு, பூவ காம்பப் புடிச்சு முக்கி, வழிஞ்சது போக எண்ணெயில விடணும். கனமா மாவு ஒட்டிச்சுன்னா அது வெறும் மாவு பஜ்ஜிதான், உள்ள பூ இருக்கறதே தெரியாது. இதழ் ஓரம் மொறுமொறுன்னு வரணும். புதினா சட்னி வேண்டாம், பச்ச மொளகாயும் பொட்டுக்கடலையும் வெச்சு அரைச்ச வெள்ளைச் சட்னி போதும்.

அகத்திப்பூ எங்க அப்பாவுக்குப் புடிச்சது. கிளிமூக்கு வடிவத்துல வெள்ளையா தொங்கும், செவப்புலயும் உண்டு, எங்களுது வெள்ளை. இப்ப நாமக்கல் மாவட்டமாயிட்ட பரமத்தி வேலூர்ப் பக்கம் (1997-க்கு முன்னாடி அதுவும் சேலம் மாவட்டந்தான்) வெத்தலைக் கொடிக்காலுக்கு அகத்தியத்தான் நட்டு கொடிய ஏத்தி விடுவாங்க, அங்க இருந்து வந்த போத்துதான் எங்க மரமும். பூவுக்கு நடுவுல நீளமா ஒரு நரம்பு இருக்கும், அத இழுத்து எடுத்துட்டா கசப்பு பாதி போயிடும், அடிப்பச்சையையும் கிள்ளிடணும். அரிசி கழுவுன தண்ணில ஒரு கொதி விட்டு வடிச்சுட்டு தேங்கா, சீரகம், சின்ன வெங்காயம் தட்டிப் போட்டு பொரியல். இதுல மட்டும் அம்மாயி கணக்க கொஞ்சம் தளர்த்துவாங்க, அகத்தில காயி நமக்கு வேண்டாம், கீரைதான் வேணும், அதனால பூவ பறிக்கலாம். மருந்து மாத்திர சாப்பிடறப்ப அகத்தி சாப்பிடக் கூடாதுன்னு பெரியவங்க சொல்றத நாங்க பூவுக்கும் சேத்தே வெச்சுக்கறோம்.

ஆவாரம்பூ பொறக்கடையில இல்ல, ஆனா சேலத்துல இருந்துகிட்டு அத விட்டுட்டு எழுத முடியாது. நகரமலை, ஜருகுமலை, கஞ்சமலை அடிவாரம்னு எங்க கல்லும் காஞ்ச மண்ணும் இருக்கோ அங்கெல்லாம் தானா நிக்கும், ஆடு கூட கடிக்காது. போகியன்னிக்கு சாயங்காலம் வேப்பிலை, பூளைப்பூ, ஆவாரம்பூ மூணையும் சேத்து காப்பு கட்டுவோம், வீட்டு வாசல், மாட்டுக்கொட்டாய், காடு தோட்டம் எல்லாத்துலயும் சொருகுவோம், அப்பறம் காணும் பொங்கலன்னிக்கு பூ பறிக்கப் போறதுன்னு பொம்பளப் புள்ளைங்க எல்லாம் கூட்டமா கரும்பும் தின்பண்டமும் தூக்கிட்டு கரடு பக்கம் கெளம்பிடுவோம். அன்னிக்கு பறிச்சுட்டு வந்த பூவுல கொஞ்சம் மறுநா கூட்டாயிடும். பாசிப்பருப்பு, இதழ் மட்டும் ஆஞ்ச ஆவாரம்பூ ரெண்டு கைப்பிடி, மஞ்சத்தூள், தேங்கா சீரகம் அரைச்சு ஊத்தி, கடைசியில தேங்கா எண்ண தாளிப்பு. லேசா துவர்க்கும். இதோட பட்டைய தோல் பதனிட உரிச்சு எடுப்பாங்க, பட்டை உரிச்சா குச்சி செத்துப் போகும், பூவ எடுத்தா செடிக்கு ஒண்ணும் ஆகாது, தொடந்து பூத்துட்டே இருக்கும்.

"ஆவாரை பூத்திருக்க சாவாரைக் கண்டதுண்டோ"ன்னு சொல்லுவாங்க. அத வெச்சுகிட்டு சர்க்கரைக்கு மாத்திரைய நிறுத்திட்டு ஆவாரம்பூ தண்ணி மட்டும் குடிக்கறவங்கள நான் பாத்திருக்கேன், பயமா இருக்குங்க. பூவ சாப்பாடா சாப்பிடுங்க, மாத்திரைய டாக்டர் சொன்னாத் தவிர நிறுத்தாதீங்க. ஏற்கெனவே சர்க்கரைக்கு மாத்திரை போடறவங்க தினமும் கசாயமா குடிக்கறதுன்னா டாக்டர்கிட்ட சொல்லிட்டுக் குடிங்க.

சங்குப்பூவப் பத்தி இப்ப எல்லாரும் வீடியோ போடறாங்க. நீலக் கலர் டீ, நீலச் சோறு, நீல இடியாப்பம். அந்தக் கலருக்குக் காரணம் ஆந்தோசயனின்னு ஒரு சாயம், புளிப்பு பட்டா நெறம் மாறும், அதனாலதான் எலுமிச்சம்பழம் பிழிஞ்சதும் நீலம் ஊதாவாகுது, கொழந்தைங்களுக்கு செஞ்சு காட்டுங்க, வாயப் பொளந்து பாப்பாங்க. ஆனா ருசின்னு பாத்தா அதுல ஒண்ணுமில்ல. எங்க வீட்டுல இடியாப்பத்துக்கு மாவு பெசையற தண்ணில மட்டும் போடுவோம். செம்பருத்தில அஞ்சிதழ் செவப்பு நாட்டு வகை அதவிட எவ்வளவோ மேல், இதழ கொதிக்கற தண்ணில போட்டு மூடி வெச்சு, ஆறினதும் எலுமிச்சை, வெல்லப்பாகு சேத்தா சித்திரை வெயிலுக்கு நல்ல சர்பத். ஒரே நாள்ல பூத்து வாடற பூ, சாயங்காலம் எப்படியும் சுருண்டு விழப் போறது, மத்தியானமே எடுத்துக்கறதுல யாருக்கும் நட்டமில்ல.

தும்பை பத்தி ரெண்டு வரி. சின்னப்பசங்களா இருந்தப்ப பூவ உருவி பின்பக்கம் உறிஞ்சா ஒரு துளி தேன் வரும், இட்லிப்பூவுலயும் அப்படித்தான். சளி புடிச்சா ஒரு கைப்பிடி தும்பைப்பூவ பால்ல போட்டுக் குடுப்பாங்க. அவ்வளவுதான், அதுக்கு மேல சமைக்கற அளவுக்கு எங்க மண்ணுல கெடைக்கறதில்ல.

மலை மேல போனா விசயம் மாறுது. எங்க சித்தி வீடு ஏற்காட்டுல நாகலூர் பக்கம். அங்க 1820-கள்ல சேலம் கலெக்டரா இருந்த காக்பர்ன் கொண்டு வந்து வெச்ச காபி இன்னிக்கும் மலை பூரா இருக்கு. கோடையில மொத மழை ஒண்ணு நல்லா பேஞ்சா, ஒரு வாரம் பத்து நாள் கழிச்சு ஒரு காலைல எந்திரிச்சா தோட்டமே வெள்ளையாயிடும், மல்லிப்பூ வாசம், ரெண்டு மூணு நாள்தான், அப்பறம் பழுப்பாயி தொங்கும். காபிப்பூ அத்தனையும் காயி, அத்தனையும் காசு, விரிஞ்ச பூவ யாரும் தொட மாட்டாங்க. அம்மாயி கணக்கு இங்க மலையிலயும் அப்படியே இருக்கு. பிஞ்சு புடிச்சதுக்கப்பறம் காஞ்சு உதிர்ற பூவ சித்தி ஒரு தட்டுல சேத்து வெப்பாங்க, கொதிக்கற தண்ணில போட்டு தேன் விட்டுக் குடிக்க. காபி மாதிரியும் இருக்காது, மல்லிப்பூ மாதிரியும் இருக்காது, எளசா ஒரு இனிப்பு வாசம். அவங்க வீட்டோட சேந்த நாலு செடிக்கு மருந்து அடிக்கறதில்ல, அதனாலதான் இது முடியும். எஸ்டேட் செடில இருந்து எடுக்காதீங்க, எப்ப என்ன அடிச்சாங்கன்னு நமக்குத் தெரியாது.

ஏற்காடு வீட்டு வாசல்ல எல்லாம் ஒரு பூ தொங்கும் பாத்திருப்பீங்க, மணி வடிவத்துல தலகீழா, வெள்ளையிலயும் ஆரஞ்சுலயும், சாயங்காலம் ஆனா தூக்கற வாசம். அது ஊமத்தை சாதி, பூவும் விஷம் விதையும் விஷம். ஹைட்ரான்ஜியான்னு பந்து பந்தா நீலத்துலயும் ரோஸ்லயும் பூக்கறதும் சாப்பிடற பூ இல்ல. நம்ம மாநிலப் பூவான செங்காந்தள் வேலி ஓரத்துல நெருப்பா எரியற மாதிரி நிக்கும், கெழங்குல இருந்து பூ வரைக்கும் அதுவும் கொல்லற விஷம். எருக்கு, ஊமத்தை, மஞ்ச அரளி, உண்ணிச்செடி எல்லாம் கீழ சேலத்துலயும் இருக்கு. கொழந்தைங்களுக்கு பூவ ரசிக்க சொல்லிக் குடுக்கறப்பவே இதையெல்லாம் காட்டி, இது வேண்டாம்னு பேரோட சொல்லிக் குடுக்கணும். காட்டுக்குள்ள இருக்கற பூ எதுவா இருந்தாலும் அங்கயே இருக்கட்டும். ஏற்காட்டுல தாவரவியல் ஆய்வுத்துறை ஆர்க்கிட் தோட்டம் ஒண்ணு வெச்சிருக்காங்க, மலைக்காட்டுல என்னென்ன அபூர்வப் பூ இருக்குன்னு அங்க போய்ப் பாருங்க, பாத்தா பறிக்கக் கை வராது.

பூக்கடையில வாங்குன பூவ சமைக்காதீங்க. மாலைக்குன்னு வளக்கறதுக்கு பூச்சிமருந்து எவ்வளவு அடிச்சிருப்பாங்கன்னு கணக்கே இருக்காது. ரோட்டோரத்துப் பூவும் வேண்டாம். மூக்கு ஒழுகல், வீசிங் இருக்கறவங்க மகரந்தத்த சுத்தமா எடுத்துட்டு மொதல்ல கொஞ்சமா சாப்பிட்டுப் பாருங்க.

இலுப்பைப்பூவ நான் இப்ப சமைக்கறதில்ல, கெடைக்கறதில்லங்கறதுதான் காரணம். அம்மாயி ஊர்ல கோவிலுக்குப் பின்னாடி ஒரு இலுப்பைத்தோப்பு இருந்துச்சு. பங்குனியில ராத்திரி பூரா வௌவால் சத்தம், விடியறப்ப தரையெல்லாம் கொழுகொழுன்னு வெளிறுன மஞ்சள்ல பூ. அது நேரா சர்க்கரை, பிசுபிசுன்னு கையில ஒட்டும். ஆலையில்லா ஊருக்கு இலுப்பைப்பூ சர்க்கரைன்னு சும்மாவா சொன்னாங்க. கழுவி, நல்லா காயவெச்சு, வாணல்ல வறுத்து, வறுத்த எள்ளோட ஒரல்ல இடிச்சு உருண்டை புடிப்பாங்க, வெல்லமே வேண்டாம், அந்த உருண்டைய கடிச்சா திராட்சை வத்தல் வாசமும் புகை வாசமும் சேந்து வரும். இங்கயும் பாருங்க, பறிக்கவே இல்ல. விழுந்தது இதழ்தான், காயாகற பாகம் மரத்துலயே நின்னுடும், அது வளந்து ஆடி ஆவணில விதையாகி எண்ணெய் ஆட்டலாம். ஒரே பூவுல நமக்கும் கெடைச்சுது, வௌவாலுக்கும் கெடைச்சுது, விளக்குக்கும் கெடைச்சுது. தோப்ப வெட்டி சைட் போட்டாச்சு. வேற எங்கயாவது இலுப்பை நிக்கற ஊர்ல இருக்கறீங்கன்னா, தயவுசெஞ்சு பங்குனி விடியல்ல ஒரு தடவ போய்ப் பாருங்க.

புளியம்பூ மட்டும் இன்னும் கெடைக்குது, ஊருக்குள்ள எங்க பெரியப்பா காட்டுல ரெண்டு மரம் இருக்கறதால. ரோட்டோரம் வரிசையா நின்ன புளியமரமெல்லாம் ரோடு அகலமாக்கறப்ப நெறைய போயிடுச்சு. வெளிர் மஞ்சள்ல செவப்புக் கோடு ஓடற சின்னப் பூ, அதுலயும் நெறைய காயாகாம கொட்டும். துணி விரிச்சு சேத்து, நல்லெண்ணெயில வரமொளகா, உளுத்தம்பருப்பு வறுத்து எடுத்துட்டு அதே எண்ணெயில பூவ ஒரு பெரட்டு பெரட்டி, தேங்கா, உப்பு, பூண்டு வெச்சு அம்மியில கொரகொரன்னு அரைக்கணும். புளி தனியா வேண்டாம், பூவுலயே புளிப்பு இருக்கு, காயோட புளிப்பு மாதிரி பல்லு கூசாது. ராகிக்களிக்கு நடுவுல குழி பண்ணி நல்லெண்ண விட்டு இந்தத் துவையல வெச்சு சாப்பிடணும்.

இப்ப எங்க தெருவுல புதுசா கட்டற வீடெல்லாம் காம்பவுண்டு வரைக்கும் சிமெண்ட் போட்டுடறாங்க, மரம் இருந்தா இலை விழுது, பூ விழுது, கூட்ட முடியலங்கறாங்க. அந்த விழற பூவத்தான நான் இவ்வளவு நேரமா சொல்லிட்டு இருக்கேன். வீடு கட்டறவங்க பின்பக்கம் ஒரு ஓரத்துலயாவது மண்ண மண்ணா விடுங்க. வேம்பும் புளியும் வளர வருசக்கணக்காகும், எடம் வேணும், ஒத்துக்கறேன். முருங்கைக்கு அப்படி இல்ல. பெரியகுளம் தோட்டக்கலைக் கல்லூரிக்காரங்க உண்டாக்குன பி.கே.எம்-1 செடி முருங்கை விதை எந்த விதைக்கடையிலயும் கெடைக்கும், ஊன்றுனா ஆறு மாசத்துக்குள்ளயே பூக்கும், பட்டம் பாத்து ஆடியில ஊன்றுனீங்கன்னா தையில பூ. இடுப்பளவு வந்ததும் நுனியக் கிள்ளி விடுங்க, பக்கக்கெளை வெடிச்சு கைக்கு எட்டற ஒசரத்துல பூக்கும். தண்ணி தேங்காம பாத்துக்கணும், அது ஒண்ணுதான் அதுக்கு ஆகாது. செடி வளந்து மொத மொட்டு கட்டறதுக்குள்ள பீரோவுல கெடக்கற பழைய பருத்திச் சேலை ஒண்ண எடுத்து தனியா வெச்சுக்கோங்க, பாலியஸ்டர் வேண்டாம், ஈரம் இழுக்காது, பூ வேர்த்துப் போயிடும்.